பத்ரிநாத்தின் இடது புருவம்

வனஜாவுக்கு இந்த ஊரில் ஒரே ஒரு எதிரிதான். அவள் தாடையை உடைத்த டெம்போ டிரைவரால்கூட அந்த இடத்தைப் பிடிக்க முடியவில்லை. அவன் ஆஸ்பத்திரிக்கு இளநீரோடு வந்தான், கட்டிலுக்குப் பக்கத்தில் தரையில் உட்கார்ந்து மூக்கைச் சிந்திச் சிந்தி அழுதான், அழுத களைப்பில் இளநீரையும் அவனே குடித்துவிட்டுப் போய்விட்டான். அப்பேர்ப்பட்டவனை வெறுக்க அவளுக்கு மனசு வரவில்லை. எதிரி என்றால் அது வக்கீல் பத்ரிநாத். டெம்போவின் இன்சூரன்ஸ் கம்பெனிக்காகக் கோர்ட்டில் நின்றவர். அடிக்கவில்லை, திட்டவில்லை. ஒரு கேள்வி கேட்டார். அதையும் சிரித்துக்கொண்டே, மரியாதையாக, அம்மா போட்டுக் கேட்டார்.

அந்தக் கேள்வி ஏன் அப்படிக் குத்தியது என்று புரிய வேண்டுமானால், முதலில் வனஜாவின் வாயைப் பற்றித் தெரிய வேண்டும்.

மர்பி டவுன் லீனா பியூட்டி பார்லரில் ஐப்ரோ எடுப்பவள் வனஜா. ஒரு முழ நூல். ஒரு முனை முன்பல்லுக்கு நடுவில், மிச்சம் இரண்டு கையில், நடுவில் ஒரு முறுக்கு. தலை பின்னால் போய்ப் போய் வர, அந்த முறுக்கு புருவத்து முடியைக் கவ்விக் கவ்வி ஓடும். பக்கத்து நாற்காலியில் ஒருத்திக்கு ஒரு புருவம் முடிவதற்குள் வனஜாவின் நாற்காலியில் இரண்டு பேர் உட்கார்ந்து எழுந்து, கண்ணாடி பார்த்து, கண்ணைத் துடைத்துக்கொண்டு போயிருப்பார்கள். தலைக்கு இவ்வளவு என்று கூலி என்பதால் அவள் பல்லுக்கு ஓய்வே கிடையாது. நூலைக் கவ்விய பல்லோடே தெருக் கதை முழுக்கப் பேசுவாள். கேட்கிறவர்களுக்குப் பாதி வார்த்தை விசிலாகத்தான் வரும். ஆனாலும் யாருக்கு யாரோடு சண்டை என்பது மட்டும் எல்லாருக்கும் தெளிவாகப் புரிந்துவிடும்.

கொரோனா வந்தது. நூலை வாயில் வைப்பதா, சீ என்று வாடிக்கையாளர்கள் முகம் சுளித்தார்கள். கடைக்கார லீனா உடனே கன்னடத்திலும் இங்கிலீஷிலும் ஒரு போர்டு எழுதி வாசலில் மாட்டினாள்: இங்கே நூலை வாயில் வைப்பதில்லை. அன்றிலிருந்து நூலின் முனையைக் கழுத்தைச் சுற்றிக் கட்டிக்கொண்டு எடுக்க வேண்டும். வனஜாவும் கட்டிப் பார்த்தாள். வேலை ஆமையாக நகர்ந்தது. சாயங்காலம் வீட்டுக்குப் போனால் யாரோ கழுத்தை நெரித்துவிட்டுப் பாதியில் மனசு மாறியது போலச் சிவப்பாகக் கோடு விழுந்திருக்கும். சனிக்கிழமைக் கூட்டத்தை இப்படிச் சமாளிக்க முடியாது.

ஆகவே ஒரு வழி பிறந்தது. வாடிக்கையாளர் உட்காரும்போது நூல் கழுத்தில் இருக்கும். அந்தம்மா தலையைச் சாய்த்து, இரண்டு கையாலும் தோலை இழுத்துப் பிடித்து, கண்ணை மூடிக்கொண்டதும் நூல் சத்தமில்லாமல் பல்லுக்கு ஏறிவிடும். ஐப்ரோ எடுக்கும்போது கண்ணைத் திறந்து வைத்திருக்கும் பெண் இன்னும் பிறக்கவில்லை. அந்த நேரம் பார்த்து லீனாவும் தெருவில் ஏதோ பெரிய விஷயம் நடப்பதுபோல வாசலைப் பார்த்துக்கொண்டிருப்பாள். போர்டுக்கு ஒரு குறையும் இல்லை, கல்லாவுக்கும் ஒரு குறையும் இல்லை.

அப்புறம்தான் அந்த டெம்போ. அல்சூர்ப் பக்கம் ஷேர் ஆட்டோவில் வந்துகொண்டிருந்தவளைத் தண்ணீர் கேன் ஏற்றிய வண்டி பக்கவாட்டில் வந்து மோதியது. கம்பியில் முகம் அடித்தது. தாடை இரண்டாகப் போய், முன்பல் நான்கும் ரோட்டோடு போயின. தாடைக்குத் தகடு வைத்தார்கள். பல்லுக்கு ஒரு செட் கொடுத்தார்கள். அந்த செட் சிரிக்க உதவும், இட்லிக்கு உதவும். நூலை இழுத்துப் பிடிக்க உதவாது.

உதவுமா என்று ஒரு தடவை பார்த்தாள். இரண்டாவது இழுப்பிலேயே செட் கழன்று வாடிக்கையாளரின் நெற்றியில் விழுந்தது. அந்தப் பெண் பல்லி என்று நினைத்து எழுந்து தெருவரைக்கும் ஓடினாள். அதிலிருந்து வனஜாவுக்குக் கால் தேய்க்கிற வேலை, முடி பெருக்குகிற வேலை. பேசும்போது துப்பட்டாவை வாயில் வைத்துக்கொள்ளப் பழகிவிட்டாள். வாய்விட்டுச் சிரிப்பதை அடியோடு நிறுத்திவிட்டாள்.

நஷ்ட ஈட்டுக் கேஸ் போட்டுக் கொடுத்தவன் சுதீர் என்ற சின்ன வக்கீல். கோர்ட்டில் பத்ரிநாத் அவளைக் கூண்டில் நிறுத்திக் கன்னடத்தில் கேட்டார். அவருக்குப் புருவம் இரண்டும் கறுகறுவென்று ஷூ துடைக்கிற பிரஷ் மாதிரி இருந்ததை அவள் முதலிலேயே கவனித்துவிட்டாள். தொழில் புத்தி.

"அம்மா, இது உங்க பார்லர் போர்டுதானே?" என்று ஒரு போட்டோவைக் காட்டினார். கம்பெனி ஆள் யாரோ போய் எடுத்துவந்த போட்டோ.

"ஆமா சார்."

"இதுல எழுதியிருக்கறது நிஜமா, பொய்யா? நூல வாயில வெப்பீங்களா?"

பின்வரிசையில் சம்பளச் சாட்சி சொல்ல வந்த லீனா உட்கார்ந்திருந்தாள். வாயில் என்றதும் சுற்றி நின்ற கறுப்புக் கோட்டுகளில் இரண்டு மூன்று பேர் முகத்தைச் சுளித்தார்கள். வனஜா நிமிர்ந்து நின்றாள்.

"சேச்சே, வாயில எல்லாம் வெக்க மாட்டோம் சார். அது கலீஜு. நம்முது டீசன்ட்டான பார்லர்."

"அவ்வளவுதான் அம்மா. ரொம்ப தேங்க்ஸ்," என்றார் பத்ரிநாத். சிரித்தார். இரண்டு பிரஷ்ஷும் ஒன்றாக ஏறி இறங்கின. சுதீர் நெற்றியில் அடித்துக்கொண்ட சத்தம் மட்டும் அவளுக்குக் கேட்டது. எதற்கு அடித்துக்கொள்கிறான் என்று அப்போது விளங்கவில்லை.

தீர்ப்பு வந்தபோது விளங்கியது. ஆஸ்பத்திரிச் செலவு உண்டு, வலிக்கு ஏதோ கொஞ்சம் உண்டு. அதற்குக் கீழே ஒரு வரி. சுதீர் அதைத் தமிழில் சொன்னான்: "தொழிலுக்கு வாய் தேவையில்லைனு மனுதாரரே ஒத்துக்கிட்டதால, அவங்க தொழில்ல ஒரு நஷ்டமும் இல்ல."

"ஒரு நஷ்டமும் இல்லியா?"

"அப்படித்தாங்க்கா போட்டிருக்கு. ஏன்க்கா அப்படிச் சொன்னீங்க? என்னைய ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம் இல்ல?"

"லீனாக்கா பின்னாடி குந்தினு இருக்காங்க. அவங்க எதுரே அவங்க போர்டு பொய்னு சொல்லச் சொல்றியா? அத்தினி ஆம்பளைங்க முன்னாடி நான் எச்சி வேலை பண்றேன்னு ஒத்துக்கணுமா?"

சுதீர் பேனாவை எடுத்தான். மேல்முறையீட்டு மனுவை எழுத ஆரம்பித்தான்.

பார்லரில் ஒரு ரப்பர்த் தலை உண்டு. புதிதாகச் சேர்கிற பெண்கள் முடி பின்னிப் பழகுவதற்காக வைத்திருப்பது. வனஜா ஐப்ரோ பென்சிலால் அதற்கு இரண்டு கொழுத்த புருவம் வரைந்து, பத்ரிநாத் என்று பெயர் வைத்தாள். காலையில் கடை திறந்ததும் அதன் காதைத் திருகுவாள். காலி நேரத்தில் மூக்கில் கிளிப் மாட்டுவாள். மெழுகு சூடாயிற்றா என்று அதன் கன்னத்தில்தான் தடவிப் பார்ப்பாள். பழக வந்த பெண்கள் அவளைக் கண்டு கொஞ்சம் பயந்தார்கள். மேல்முறையீடு ஹைகோர்ட்டில் கிடந்து ஊறிய காலமெல்லாம் ரப்பர்த் தலை அந்தப் பாடு பட்டது.

அவள் புருஷன் இராஜமாணிக்கம் துணிக்கடையில் லிஃப்ட் ஓட்டுகிறவன். ஆட்டு எலும்பைக் கடித்துச் சாப்பிடவே பிறந்தவன். வனஜாவால் கடிக்க முடியாமல் போன நாளிலிருந்து வீட்டில் கறியே வாங்குவதில்லை. "எனக்கு ஒத்துக்கல மே, நெஞ்சு எரியுது," என்று சொல்லிவிட்டு அவளோடு சேர்ந்து குழைந்த சோறும் கூட்டும் சாப்பிட்டான். ஞாயிற்றுக்கிழமை மட்டும் சிவாஜிநகரில் வேலை இருக்கிறது என்று கிளம்புவான். திரும்பும்போது வாயில் கிராம்பு இருக்கும். கிராம்பையும் மீறிச் சாப்ஸ் வாசனை அடிக்கும். தெரியும் என்று வனஜா காட்டிக்கொள்ளவில்லை. அந்தக் கணக்கையும் பத்ரிநாத்தின் பெயரில் சேர்த்துக்கொண்டாள். தாலி கட்டியவன் கறி தின்பதற்குத் திருடனைப் போலப் போய்வர வேண்டியிருக்கிறது, அதற்கும் ஒரு நஷ்டமும் இல்லையாம்.

ஒருநாள் சுதீர் பார்லர் வாசலுக்கே வந்துவிட்டான். கேஸை ஹைகோர்ட் லோக் அதாலத்துக்கு அனுப்பியிருந்தார்கள். இரண்டு பக்கமும் உட்கார்ந்து பேசி முடித்துக்கொள்கிற இடம்.

"பரவால்ல, கொஞ்சம் ஏத்திக் குடுப்பாங்க. வாங்கினு முடிச்சுரலாங்க்கா."

"அந்த வரி?"

"எந்த வரி?"

"ஒரு நஷ்டமும் இல்லைன்ற வரி. அது போவுமா?"

"அது போவணும்னா நீங்க உண்மையைச் சொல்லணும். வாயாலதான் எடுத்தேன்னு. சொன்னாலும் நம்பணுமே. சத்தியம் பண்ணி வேற மாதிரி சொல்லியிருக்கீங்க."

"சொல்றேன். அந்தாளு மூஞ்சிக்கு நேரா சொல்றேன்."

உள்ளே டவல் மடித்துக்கொண்டிருந்த லீனாவின் கை நின்றது. சுதீர் போனதும் வெளியே வந்தாள்.

"இன்னா வனஜா, என் கடைய மூடிட்டுத்தான் ஓயுவியா?"

"உங்க கடைய ஒண்ணும் சொல்லலக்கா. என் வாயைத்தான் சொல்றேன்."

"உன் வாயி எங்க இருந்துச்சு? என் கடையிலதானே? அந்தப் போர்டை நம்பித்தான் ஆபீஸ் பொண்ணுங்க வருது. நீ போய் ஜட்ஜ்கிட்ட சொன்னா அது மர்பி டவுன் முழுக்க வரும்."

"நான் கால் தேய்க்கறேனே, அது எந்த போர்டுல வரும்?"

லீனா கையிலிருந்த டவலை உதறித் தோளில் போட்டுக்கொண்டாள். கெட்டவள் இல்லை. ஆஸ்பத்திரியில் இரண்டு ராத்திரி கூட இருந்தவள், ஸ்ட்ரா வைத்து ஜூஸ் கொடுத்தவள்.

"சொல்லிக்கோ. ஆனா சொல்லிட்டு இங்க வராதே."

அந்த வார்த்தையை வனஜா வீட்டுக்குத் தூக்கிக்கொண்டு போனாள். காலுக்கு எண்ணெய் தேய்க்கிற வேலைதான், ஆனால் அதுவும் ஒரு வேலை. இராஜமாணிக்கத்திடம் சொன்னாள். அவன் தலையைச் சொறிந்தான். "போனாப் போவுது மே. நீ ரப்பர் தலையத் திருகறதப் பாத்தா எனக்கே பேஜாரா கீது. நேர்லயே போய் திருகிட்டு வா," என்றான்.

லோக் அதாலத் அன்று ஒரு அறையில் நீள மேஜை. நடுவில் ரிட்டயர் ஆன ஜட்ஜ் பாகீரதி அம்மா. ஒரு பக்கம் பத்ரிநாத்தும் இன்சூரன்ஸ் ஆபீஸர் ஒருவரும். இன்னொரு பக்கம் சுதீர், வனஜா, கடையில் லீவு சொல்லிவிட்டு வந்த இராஜமாணிக்கம். உள்ளே வந்த உடனே வனஜா பார்த்தது ஜட்ஜம்மாவின் புருவத்தை. நேர்த்தியான வேலை. முனையில் மட்டும் ஒரு முடி அதிகம் விட்டிருந்தார்கள். பரவாயில்லை.

பத்ரிநாத் பழைய வாக்குமூலத்தை எடுத்துப் படித்தார். கலீஜு என்று அவள் சொன்னதையும் விடாமல் படித்தார். ஆபீஸர் வாயை மூடிக்கொண்டு சிரித்தார்.

"அன்னிக்கு அப்படிச் சொன்னீங்க, இன்னிக்கு வாயாலதான்னு மனு போட்டிருக்கீங்க. எது பொய்ம்மா?" என்று ஜட்ஜம்மா கேட்டார்.

வனஜா துப்பட்டாவை வாயிலிருந்து எடுத்தாள். "அன்னிக்குச் சொன்னது பொய் மேடம். போர்டும் பொய். தப்பா நெனைச்சுக்காதீங்க, நீங்க ஐப்ரோ எடுக்கறப்போ கண்ணைத் திறந்து பாத்திருக்கீங்களா?"

ஜட்ஜம்மாவின் கை தானாகப் புருவத்துக்குப் போனது. "இல்லையே," என்றார்.

"யாருமே பாத்ததில்ல மேடம்."

ஜட்ஜம்மா எதையோ நினைத்துப் பார்த்து, முகத்தைச் சுளித்து, உடனே அதை மறைத்துக்கொண்டார். "செஞ்சு காட்ட முடியுமா?" என்றார்.

வனஜா கைப்பையிலிருந்து நூல்கண்டை எடுத்தாள். இராஜமாணிக்கம் நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டு உட்கார்ந்தான்.

"புருஷனுக்கா?" என்றார் பத்ரிநாத். "மேடம், அவர் அவங்க சொல்றபடிதான் நடிப்பாரு. இது நாடகம்."

"அப்போ நீங்க உக்காருங்க சார்," என்றாள் வனஜா.

ஆபீஸர் இந்தத் தடவை வாயை மூடாமலே சிரித்தார். "உக்காருங்க சார், ஒரு நிமிஷந்தானே," என்று அவர் முதுகைத் தட்டினார். பத்ரிநாத்துக்கு மறுக்க வழியில்லை. மறுத்தால் பயந்ததாக ஆகிவிடும். கோட்டைச் சரி செய்துகொண்டு உட்கார்ந்தார்.

"கண்ணைத் திறந்தே வெச்சுக்கோங்க சார். சாட்சி வேணும்."

முதலில் கழுத்தில் கட்டி எடுத்தாள். நூல் நகர்ந்தது, ஒரு முடி வந்தது. சரி செய்தாள், இன்னொரு முடி வந்தது. ஜட்ஜம்மா கடிகாரத்தைப் பார்த்தார். ஆபீஸர் கொட்டாவி விட்டார். "இந்த வேகத்துல போனா ஒரு நாளைக்கு நாலு பேர் மேடம். முன்னே நாலு பேர் டீ ஆறுறதுக்குள்ள முடிஞ்சுரும்," என்று சொல்லிவிட்டு நூலைக் கழுத்திலிருந்து அவிழ்த்தாள். முனையைப் பல்லுக்குள் வைத்தாள்.

அவள் திட்டம் வேறு. அதை சுதீரிடம்கூடச் சொல்லவில்லை. ரப்பர்த் தலையின் மேல் எத்தனையோ தடவை ஒத்திகை பார்த்த திட்டம் அது: இடது புருவத்தில் பாதி, ஒரே இழுப்பு, அப்புறம் பல் நழுவிவிட்டது சார் என்று ஒரு பாவமான முகம். செட் எந்தப் பக்கம் முதலில் ஆடும், எவ்வளவு நேரம் தாங்கும் என்றெல்லாம் அவளுக்கு அத்துப்படி. குனிந்தாள். பத்ரிநாத்தின் கண் இரண்டும் அகலத் திறந்து அவளைப் பார்த்தன. இத்தனை வருஷத் தொழிலில் யாருமே கீழேயிருந்து அவள் வாயைப் பார்த்ததில்லை. தகடு வைத்த இடத்துத் தழும்பை, ஒரு பக்கமாக இழுத்துக்கொள்கிற உதட்டை, செட்டின் கம்பியை எல்லாம் அவர் ஒரு சாண் தூரத்தில் பார்த்துக்கொண்டிருந்தார். இதை அவள் ஒத்திகையில் யோசிக்கவில்லை. ரப்பர்த் தலைக்கு இருந்தது வெறும் வரைந்த கண்தான். ஒரு கணம் துப்பட்டாவுக்காகக் கை துடித்தது.

அப்புறம் அவர் சிரித்த சிரிப்பு ஞாபகம் வந்தது. இழுத்தாள்.

'கர்ர்' என்று ஒரே கோடு. பாதிப் புருவம் நூலோடு வந்துவிட்டது. பத்ரிநாத் "அய்யோ" என்று கத்தினார். ஆனால் வனஜா கணக்குப் போட்டதற்கு முன்பே செட் கழன்றது. நூல் சுண்டிய வேகத்தில் நான்கு பல்லும் கம்பியோடு பறந்து அவர் நெஞ்சில் பட்டுக் கீழே விழப் போக, அவர் அனிச்சையாகக் கையை நீட்டிப் பிடித்துவிட்டார்.

உள்ளங்கையில் இன்னொருத்தியின் பல்லை வைத்துக்கொண்டு அந்த மனுஷன் உட்கார்ந்திருந்தார். எச்சில் ஈரம் மினுங்கியது. கீழே போடவும் முடியவில்லை, வைத்துக்கொள்ளவும் முடியவில்லை. ஆபீஸரின் சிரிப்பு எங்கேயோ போய்விட்டது.

வனஜா பொறுமையாக நூலைச் சுருட்டினாள். பொக்கை வாயோடே கேட்டாள். வார்த்தை காற்றாகத்தான் வந்தது, ஆனாலும் எல்லாருக்கும் புரிந்தது.

"நஷ்டம் இல்லைன்னீங்களே சார். எடுங்க, நல்லாப் பாருங்க."

பத்ரிநாத் கையை நீட்டினார். அவள் எடுத்துக்கொண்டாள்.

அதற்குப் பிறகு பேச்சு நீளவில்லை. ஆபீஸர் வெளியே போய் யாருக்கோ போன் பண்ணிவிட்டு வந்து தொகையை ஏற்றினார். சுதீர் மேஜைக்கு அடியில் கட்டை விரலைத் தூக்கிக் காட்டினான். வனஜா அதைப் பார்க்கவேயில்லை. தாடையில் பட்ட காயத்தால் மனுதாரரின் தொழில் பாதிக்கப்பட்டது என்பதை இரண்டு தரப்பும் ஒத்துக்கொள்கிறது என்று எழுதினால்தான் கையெழுத்து என்று உட்கார்ந்துவிட்டாள். எழுதினார்கள். அதற்குக் கீழே கம்பெனி வக்கீல் என்ற இடத்தில் பத்ரிநாத் கையெழுத்துப் போடும்போது பேனாவையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

வராந்தாவில் பத்ரிநாத் அவள் பின்னாலேயே ஓடி வந்தார். கைக்குட்டையால் நெற்றியை மறைத்திருந்தார்.

"அம்மா, ஒரு நிமிஷம். மத்தியானம் எனக்கு வேற கேஸ் இருக்கு. இன்னொரு பக்கத்தையும் இதே மாதிரி... ஈக்வலா..."

"வாயால முடியாது சார். அதான் இப்ப நீங்களே கையெழுத்துப் போட்டீங்களே."

"அப்போ கழுத்துல கட்டியாவது..."

"அது சாயங்காலம் ஆவும். கழுத்து வலிக்கும். ஒரு நஷ்டமும் இல்லாத வேலைக்கு நான் ஏன் சார் கழுத்த நீட்டணும்?"

இராஜமாணிக்கம் படியிறங்கும் வரைக்கும் அடக்கி, ரோட்டுக்கு வந்ததும் ஒரேயடியாகச் சிரித்தான். வழியில் சிவாஜிநகரில் இறங்கப் போனவனை வனஜா பிடித்துக்கொண்டாள்.

"இந்தாய்யா, நெஞ்செரிச்சல்காரரே. சாப்ஸ் வாங்கினு வீட்டுக்கு வா. என் எதுர்லயே தின்னு. எலும்பை மட்டும் எனக்குக் குடு, உறிஞ்சறதுக்குப் பல்லு வேணாம்."

லீனா சொன்னபடியே செய்தாள். மறுநாள் வனஜா போனபோது உள்ளே விடவில்லை. சேதி அவளுக்கு முன்பே வந்துவிட்டிருந்தது. ஆபீஸ் பெண்கள் இரண்டு பேர் போர்டைக் காட்டிச் சண்டை போட்டுவிட்டுப் போயிருந்தார்கள். லீனாவின் கண் சிவந்திருந்தது. பாக்கிச் சம்பளத்தோடு ஒரு துணிப்பையையும் வாசலிலேயே கொடுத்தாள். உள்ளே ரப்பர்த் தலை இருந்தது.

"உன் பத்ரிநாத்தை நீயே வெச்சுக்கோ," என்றாள். கொஞ்சம் தள்ளிப் போய்த் திரும்பி, "நெஜமாவே பாதிப் புருவத்த எடுத்துட்டியா?" என்று கேட்டாள்.

"எடுத்துட்டேங்க்கா."

லீனா சிரிக்கவில்லை. உதட்டை மடித்துக்கொண்டு உள்ளே போய்விட்டாள். போர்டு வாசலில் அப்படியே ஆடிக்கொண்டிருந்தது.

அந்த வாரமே ஒரு நாள் வனஜா சுதீருக்குப் போன் பண்ணினாள். புருவம் முளைக்க எத்தனை நாளாகும் என்பது அவளுக்குத் தெரியும், அதனால் அவசரமாகப் பண்ணினாள்.

"அந்த சாருக்கு இன்னிக்கு எந்த ஹாலுப்பா?"

"எதுக்குக்கா? கேஸ்தான் முடிஞ்சிருச்சே."

"நீ சொல்லு."

போனாள். ஜனங்களுக்கான பெஞ்சில் முதல் வரிசையில் போய் உட்கார்ந்தாள். பத்ரிநாத் யாரோ கால் ஒடிந்த பையனைக் கேள்வி கேட்டுக்கொண்டிருந்தார். இடது பக்கத்தில் யாரோ பென்சிலால் புருவம் வரைந்து விட்டிருந்தார்கள். வீட்டுக்காரியாக இருக்கும். கனமாக, வளைவு தப்பி, வேர்வையில் கரைந்து கண்ணிமைக்கு இறங்கிக்கொண்டிருந்தது. அவள் கைப்பையில் நல்ல பென்சில் இருந்தது. விரல் அரித்தது. இரண்டு கோட்டில் சரி பண்ணிவிடலாம். பையைத் திறந்தாள், மூடினாள்.

பத்ரிநாத் அடுத்த கேள்விக்காகச் சிரிக்கத் தொடங்கி, தலையைத் திருப்பி, அவளைப் பார்த்துவிட்டார். கேள்வி வாயிலேயே நின்றது. கையிலிருந்த ஃபைல் தானாக நெற்றிக்கு ஏறியது.

பல் செட் கைப்பையில் இருந்தது. வீட்டிலிருந்து கிளம்பும்போதே கழற்றிப் போட்டுக்கொண்டுதான் வந்திருந்தாள். துப்பட்டாவை மடியில் வைத்துவிட்டு, விபத்துக்குப் பிறகு முதல் தடவையாக, வாயை முழுசாகத் திறந்து, அவரைப் பார்த்துச் சிரித்தாள்.